ஆயிரம் படங்களுக்குள் புதைக்கப்பட்ட மனோரமா

கோலார் தங்கவயலைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் இரண்டு எண்களோடு நின்றுவிடுகின்றனர். சுரங்கத்தின் ஆழம் மூன்று கிலோமீட்டருக்கும் மேல். எடுக்கப்பட்ட தங்கம் ஏறத்தாழ 800 டன். அந்த ஆழத்தில் இறங்கியவர்கள் வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் ஏன் வந்தார்கள், லைன் வீடுகளில் என்ன பேசினார்கள், எதைப் பார்த்துச் சிரித்தார்கள் என்பவை அடிக்குறிப்புக்குக்கூட எட்டுவதில்லை. மனோரமாவைப் பற்றிய எழுத்தும் இதே வழியில்தான் நடக்கிறது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்கள், கின்னஸ் பதிவு, ஐந்து முதலமைச்சர்களோடு பணியாற்றியவர் என்று அடுக்கினால் கட்டுரை முடிந்தது. கருத்தரங்கில் கைதட்டலும் கிடைத்துவிடுகிறது.

எண்ணுவது ஆய்வு ஆகாது. அது ஆய்வைத் தவிர்ப்பதற்கான மரியாதையான வழி.

1937இல் மன்னார்குடியில் பிறந்து பள்ளத்தூரில் வளர்ந்த கோபிசாந்தா, நாடக மேடையில்தான் மனோரமா ஆனார். எஸ்.எஸ்.ராஜேந்திரனின் நாடகக் குழுவில் அவர் கதாநாயகி. கருணாநிதியின் 'மணிமகுடம்' போன்ற நாடகங்களின் நெடிய வசனங்களை, ஒலிவாங்கியின் தயவை அதிகம் நம்பாமல், கடைசி வரிசை வரை கொண்டுசேர்த்த குரல் அவருடையது. திராவிட இயக்கம் மேடையைப் பிரச்சாரக் களமாக்கிய காலத்தில் அந்த மேடையைத் தாங்கிய பெண்களுள் ஒருவர் அவர். 1958இல் கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை' அவரைத் திரைக்கு அழைத்துவந்தது, நகைச்சுவை வேடத்தில். 1963இல் 'கொஞ்சும் குமரி' அவரைக் கதாநாயகியாக்கியது. அந்தக் கதவு பின்னர் அகலத் திறக்கவேயில்லை.

மேடையில் கதாநாயகியாக ஏற்கப்பட்ட ஒருவர் திரையில் ஏன் நகைச்சுவைப் பிரிவுக்கு மாற்றப்பட்டார்? இதுவே ஆய்வாளர் கேட்டிருக்க வேண்டிய முதற்கேள்வி. கேமராவுக்கு முன் முகத்துக்கும் நிறத்துக்கும் திரைத்துறை தனி விலை நிர்ணயித்தது. குரலும் பயிற்சியும் அடுத்த நிலைக்குத் தள்ளப்பட்டன. அவ்வாறு தள்ளப்பட்டதன் விளைவாக அவர் வேலைக்காரி, மாமியார், ஆயா, ஆத்தா என எல்லாவற்றையும் சுமக்க நேர்ந்தது. அச்சுமைக்கு 'பன்முகத் திறன்' என்று பின்னர் பெயரிட்டாயிற்று. திறன் உண்மை, அதில் ஐயமில்லை. ஆனால் பன்முகம் அவர் தேர்ந்துகொண்டதா, அவர்மீது சுமத்தப்பட்டதா என்பதைப் பிரித்துப் பார்க்காத பாராட்டு, சுரண்டலுக்குப் போர்த்திய பொன்னாடையாகிவிடும். 'பெண் சிவாஜி' என்ற பட்டமும் அத்தகையதே. சிவாஜி கணேசனை 'ஆண் மனோரமா' என்று சொல்ல எவருக்கும் நா எழுந்ததில்லை.

படங்களையாவது ஊன்றிப் படித்திருக்கலாம். 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தின் ஜில் ஜில் ரமாமணி ஊர் ஊராகச் செல்லும் நாடகக்காரி. பரதமும் நாதசுரமும் உயர்கலைகளாக மோதிக்கொள்ளும் கதையில், மரியாதைப் பட்டியலில் இடம்பெறாத கலையின் பிரதிநிதி அவள். நாடகத்திலிருந்து வந்த நடிகை அவ்வேடத்தை ஏற்கும்போது, குலுங்கும் சிரிப்புக்கு அடியில் தன் தொழிலின் மீதான ஒரு சாட்சியமும் ஓடுகிறது. 'சம்சாரம் அது மின்சாரம்' (1986) படத்தின் கண்ணம்மா நடத்தும் போலிச் சண்டையோ திரைக்குள் ஒரு முழு மேடை நாடகம். வீட்டுக்குப் பாத்திரம் துலக்குபவள்தான் அந்த வீட்டின் மிகச் சிறந்த நடிகை. 'இந்தியன்' (1996) படத்தில் அலுவலகம் அலுவலகமாக அலைக்கழிக்கப்படும் மூதாட்டிக்குக் கிடைத்தவை சில காட்சிகளே. அரசு அலுவலக வாசலில் நின்று பழகிய எவரும் அவற்றை மறந்திருக்க முடியாது.

வழிபாடும் வேண்டாம். 'நடிகன்' (1990) படத்தில் மணமாகாத முதிர்பெண்ணின் ஆசை கேலிப்பொருளாக்கப்பட்டது. 'சின்னக் கவுண்டர்' (1992) படத்தில் துருத்திய பல்லே சிரிப்பின் மூலதனம். அந்தச் சிரிப்பு யார் தலையில் விழுந்தது என்பதைப் பேசாத ஆய்வு ரசிகர் மன்ற மலருக்கு மேல் உயராது.

இந்தக் கேள்விகளுக்கான ஆவணம் சென்னைக் கோடம்பாக்கத்தில் மட்டும் இல்லை. தங்கவயலின் தமிழ்த் தொழிலாளரிடையே அம்பேத்கரியமும் திராவிட இயக்கமும் அருகருகே வேரூன்றின. அதே மக்கள் திரையரங்குகளில் தமிழ்ப் படங்களைப் பார்த்து வளர்ந்தனர். மைசூர் அரசின் காலத்துத் தொழிலாளரைப் பற்றிய ஜானகி நாயரின் நூல், உழைப்பையும் பண்பாட்டையும் அரசியலையும் பிரிக்காமல் எழுத முடியும் என்று 1998இலேயே காட்டிவிட்டது. அவ்வழியைத் தமிழ் நடிப்பு வரலாற்றுக்கு நீட்டிக்க எத்தனை துறைகள் முன்வந்தன? தமிழ்த்துறைகளுக்குத் தங்கவயல் கர்நாடகம். கன்னடத்துறைகளுக்கு அது தமிழர் குடியிருப்பு. இரு தரப்புக்கும் வசதியான எல்லைக்கோடு. 2018இல் வெளிவந்த 'கே.ஜி.எஃப்' ஊரின் பெயரை நாடெங்கும் பரப்பிவிட்டு அங்கே உழைத்த தமிழ்த் தலித் மக்களை மறந்தபோது சினந்த கல்வியாளர்கள், தங்கள் பாடத்திட்டத்திலும் அம்மக்கள் இல்லை என்பதைக் கவனிக்கவில்லை.

வேலைக்காரியாக, சேரிப் பெண்ணாக, நாடகக்காரியாக மனோரமா திரையில் வந்தபோது ஷிஃப்ட் முடித்து வந்து அமர்ந்த ஒரு சுரங்கத் தொழிலாளியும் அவர் மனைவியும் எதைக் கண்டனர்? தம்மை ஒருவர் நடித்துக்காட்டுகிறார் என்றா, தம்மைப் பார்த்துப் பிறர் சிரிக்கிறார்கள் என்றா? நடிப்பின் பொருளில் பாதி பார்வையாளரிடம் இருக்கிறது என்று கோட்பாட்டு வகுப்பில் ஓயாமல் கற்பிப்போர், பார்வையாளர் குடியிருக்கும் தெருவுக்குப் போவதில்லை.

சுரங்கம் 2001 பிப்ரவரியில் மூடப்பட்டது. பிள்ளைகள் மாரிக்குப்பத்தில் ரயிலேறி நாள்தோறும் பெங்களூருக்கு வேலைக்குப் போய்த் திரும்புகின்றனர். 1968இல் இருபது வயதில் ரமாமணியைப் பார்த்தவர்களுக்கு இன்று எண்பதை நெருங்கும் வயது. சுரங்கத் தூசியால் நுரையீரல் கெட்டவர்களுள் பலர் ஏற்கெனவே போய்விட்டனர். மனோரமாவும் 2015 அக்டோபரில் மறைந்தார். அடுத்த கருத்தரங்குக்கு ஒதுக்கும் பொன்னாடைச் செலவில் ஒரு மாணவரை, ஒரு ஒலிப்பதிவுக் கருவியோடு, மாரிக்குப்பம் வரை அனுப்பலாம்.