படி எதற்கு?

மாண்புமிகு மக்களவை சபாநாயகர் அவர்களுக்கு,

2025 மார்ச் அறிவிப்பின்படி எம்.பி.க்களின் மாதச் சம்பளம் 1,24,000 ரூபாயாகவும் தினப்படி 2,500 ரூபாயாகவும் உயர்ந்தன. தொகை அதிகம் என்று புலம்ப இதை எழுதவில்லை. அந்தப் படி எதற்காகக் கிடைக்கிறது என்பதே என் கேள்வி. கூட்டத்தொடர் நாளில் வருகையைப் பதிந்தால் போதும். அன்றைய மசோதாவை வரிவரியாகப் படித்து வந்தவருக்கும் 2,500. புரட்டியே பார்க்காதவருக்கும் 2,500.

அதற்காக, நிறைவேறும் சட்டத்துக்கு இவ்வளவு என்று ஊக்கத்தொகை வைத்துவிடாதீர்கள். நம் அவையில் வேகத்துக்குப் பஞ்சமில்லை. 15ஆவது மக்களவையில் 71 விழுக்காடு மசோதாக்கள் நாடாளுமன்றக் குழுக்களின் ஆய்வுக்குப் போயின. 17ஆவது அவையில் வெறும் 16. மூன்று வேளாண் சட்டங்களும் 2020 செப்டம்பரில் எந்தக் குழுவின் கண்ணிலும் படாமல் நிறைவேறின. விவசாயிகள் ஓராண்டு டெல்லி எல்லையில் குளிரிலும் வெயிலிலும் கிடந்த பிறகு, 2021 நவம்பர் 29 அன்று அவற்றை ரத்து செய்யும் மசோதா மக்களவையில் விவாதமே இல்லாமல் நிறைவேறியது. வேகத்துக்குப் பரிசு என்றால் இரண்டு தடவையும் கொடுத்திருக்க வேண்டும்!

விளைவைப் பார்த்துக் கொடுக்கலாமா? சிங்கப்பூரில் அமைச்சர்களின் ஊதியத்தில் ஒரு பகுதி, மக்களின் வருமான உயர்வையும் வேலையின்மை அளவையும் பொறுத்தது. ஆட்சி நடத்துபவர்களுக்கு அது பொருந்தலாம். எதிர்க்கட்சியின் கடைசி வரிசை உறுப்பினரை அந்தத் தராசில் எப்படி நிறுப்பது? 1985இல் கட்சித்தாவல் தடைச் சட்டம் வந்ததிலிருந்து அவையில் அவருடைய வாக்கே கொறடா கையில்தான் இருக்கிறது.

குழு அறையில் கொறடாவின் கட்டாயம் கிடையாது. "இந்தப் பிரிவு எதற்கு? இதை அமல்படுத்த ஆள் எங்கே?" என்று துறைச் செயலாளரை உட்காரவைத்து ஆளுங்கட்சி உறுப்பினரே கேட்கலாம். பணம் போக வேண்டிய இடம் அதுதான். அவையில் வருகை பதிவதற்கான படியைக் குறைத்து, மசோதாவை ஆராயும் குழு அமர்வுகளுக்குக் கூட்டுங்கள்.

இன்னொன்று. அலுவலகச் செலவுக்கு மாதம் 75,000 ரூபாய் தருகிறோம். அதில் 50,000 உதவியாளருக்கு. அவருக்கு விதி கேட்கும் தகுதி, கணினி தெரிந்திருக்க வேண்டும் என்பதே. பரிந்துரைக் கடிதம் தட்டச்சு செய்ய அது போதும். திவால் சட்டத் திருத்தத்தைப் பிரித்துப் படித்துச் சொல்லப் போதாது. சட்டமோ பொருளாதாரமோ படித்த ஒருவரை அமர்த்தத் தனித்தொகை ஒதுக்கலாம். வேறு எதற்கும் அதைச் செலவிடக் கூடாது என்ற நிபந்தனையோடு.

தினப்படியை மாற்ற 1954ஆம் ஆண்டுச் சட்டத்தையே திருத்த வேண்டும், அலுவலகப் படியை மாற்ற அச்சட்டப்படி அமைந்த கூட்டுக்குழு கூட வேண்டும், நாளாகும். மசோதாவைக் குழுவுக்கு அனுப்பும் அதிகாரமோ இன்றே உங்களிடம் இருக்கிறது. அடுத்த கூட்டத்தொடரில் அதைப் பயன்படுத்துங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாக்காளர்