மந்தம் என்று முத்திரை குத்தலாமா?

சென்ற மாதம் வெலிமடைக்கு அண்மையில் வாழும் நண்பர் ஒருவரின் இல்லத்திற்கு நாம் சென்றிருந்தோம். ஐந்தாந் தரப் புலமைப்பரிசிற் பரீட்சையின் பெறுபேறுகள் வெளிவந்திருந்த நேரம் அது. நண்பர் உருளைக்கிழங்கு பயிரிடுபவர். அவருடைய பத்து வயது மைந்தன் வெட்டுப்புள்ளிக்குச் சில புள்ளிகள் குறைவாகப் பெற்றிருந்தான். “இவனுக்கு மூளை அவ்வளவுதான், சேர். இனி மண்வெட்டியைக் கையிலே கொடுத்துவிட வேண்டியதுதான்” என்றார் தந்தையார். கதவருகில் நின்ற சிறுவன் தலையைக் குனிந்துகொண்டான்.

அச்சொற்கள் நம் நெஞ்சை விட்டு அகலவில்லை. மனிதனின் அறிவு, பிறக்கும்போதே அளந்து கொடுக்கப்பட்ட பண்டமா? அன்றி, நாளும் வளர்ந்து செல்லும் பயிரா? இவ்வாரம் இவ்வினாவை வாசகர்களோடு சேர்ந்து ஆராய விழைகின்றோம்.

அன்று அவ்வீட்டிலேயே ஒரு சிறு சோதனை செய்து பார்த்தோம். ஒரே அளவான இரண்டு கிண்ணங்களில் தேநீரைச் சமமாக ஊற்றி, நண்பரின் ஐந்து வயது மகளிடம் காட்டினோம். “ரெண்டும் ஒண்ணுதான்” என்றாள். பின்னர், அவள் கண்முன்னாலேயே ஒரு கிண்ணத்துத் தேநீரை ஒடுங்கி உயர்ந்த கண்ணாடிக் குவளையொன்றில் ஊற்றினோம். “இதிலேதான் கூட இருக்கு” என்று குவளையைச் சுட்டினாள். அண்ணன் நகைத்தான். “திருப்பி அந்தக் கிண்ணத்திலேயே ஊத்திப் பாரு, பழையபடிதான் இருக்கும்” என்றான்.

இச்சோதனையை உலகறியச் செய்தவர் சுவிற்சர்லாந்து அறிஞர் ஜீன் பியாஜே. 1896 இல் பிறந்து 1980 இல் மறைந்தவர். இளமையிற் பாரிஸ் நகரில் சிறுவர்க்கான அறிவுச் சோதனைகளில் அவர் பணியாற்றினார். பிறர் சரியான விடைகளை எண்ணிக்கொண்டிருக்க, அவர் தவறான விடைகளிலே கருத்தைச் செலுத்தினார். ஒரே வயதினர் ஒரே வகையான தவறுகளைச் செய்வது அவர் கண்ணிற் பட்டது. சிறுவர் பெரியவர்களை விடக் குறைவாகச் சிந்திப்பவரல்லர். வேறு விதமாகச் சிந்திப்பவர் என்ற முடிவுக்கு அவர் வந்தார்.

இரண்டு வயது வரை குழந்தை கையாலும் வாயாலும் உலகை அறிகிறது. ஏழு வயது வரை சொல்லும் கற்பனையும் பெருகுகின்றன. ஆயினும் கண்ணுக்குத் தோன்றுவதே உண்மையென மனம் நம்புகிறது. ஏழுக்கும் பதினொன்றுக்கும் இடையில், கண்முன்னுள்ள பொருள்களைப் பற்றி முறையாகச் சிந்திக்கும் ஆற்றல் பிறக்கிறது. அதற்கு அப்பால்தான், “இப்படி நேர்ந்தால் என்னவாகும்?” என்று இல்லாததையும் எண்ணி ஆராயும் வன்மை அரும்புகிறது. இவ்வயதெல்லைகள் பிள்ளைக்குப் பிள்ளை மாறும் என்றும், கைக்குழந்தைகள் பியாஜே எண்ணியதினும் மிகுதியாக அறிவர் என்றும் பிற்கால ஆய்வுகள் காட்டின. எனினும் படிப்படியான வளர்ச்சி என்ற அடிப்படை நிலைத்து நிற்கிறது. திட்டமிடுதற்கும் தன்னை அடக்கி ஆளுதற்கும் துணைசெய்யும் மூளையின் முன்பகுதி, இருபது வயதைக் கடந்தும் முதிர்ந்துகொண்டிருக்கிறது. அங்ஙனமாயின், பத்து வயதிற் போடும் முத்திரைக்கு என்ன பொருள்?

அறிவுச் சோதனையை முதன்முதல் வகுத்தவர்களே அதற்கு உடன்பட்டவரல்லர். 1905 இல் பிரான்சில் அல்பிரெட் பினே, சீமோன் என்பாருடன் இணைந்து அதனை அமைத்தபோது, பாடங்களிற் பின்தங்கியோரைக் கண்டறிந்து உதவுவதே நோக்கமாயிருந்தது. அறிவு மாறாத ஓர் அளவு என்ற கருத்தைப் பினே வெளிப்படையாகவே மறுத்தார்.

பரீட்சைத் தாள் காணத் தவறும் அறிவும் உண்டு. பிரேசில் நாட்டின் ரெசீபே நகரத் தெருக்களில் தேங்காய் முதலியன விற்ற சிறுவர்களைப் பற்றிய ஆய்வொன்று 1985 இல் வெளிவந்தது. விற்பனையிடத்திற் கேட்ட கணக்குகளில் நூற்றுக்குத் தொண்ணூற்றெட்டுக்கு அவர்கள் சரியாக விடை கூறினர். அதே கணக்குகளை வெறும் எண்களாகத் தாளில் எழுதிக் கொடுத்தபோது, சரியான விடைகள் நூற்றுக்கு ஏறத்தாழ 37 ஆகக் குறைந்தன! இது நினைவுக்கு வரவே நண்பரின் மைந்தனை அழைத்து, “கிலோ 240 ரூபாயென்றால் மூன்றரைக் கிலோ கிழங்கு என்ன விலை, தம்பி?” என்றோம். “மூணு கிலோ எழுநூத்தி இருபது, அரைக் கிலோ நூத்தி இருபது, எண்ணூத்தி நாப்பது, சேர்” என்றான் தயக்கமின்றி. தந்தையார் அவனை நிமிர்ந்து பார்த்தார்.

பயிருக்கு எருவும் நீரும் போல அறிவுக்கும் ஊட்டம் வேண்டும். இரண்டு வயதிற்குள் மூளை, முதிர்ந்த பருமனில் ஏறத்தாழ முக்காற் பங்கை எட்டிவிடுகிறது. நம் தோட்டப்புறங்களின் நிலையோ கவலைக்குரியது. 2016 ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார அளவீட்டின்படி, ஐந்து வயதுக்குட்பட்ட சிறுவர்களில் வயதுக்கேற்ற உயரமற்றோர் இலங்கை முழுவதும் நூற்றுக்குப் பதினேழு பேர். பெருந்தோட்டங்களிலோ முப்பத்திரண்டு பேர். இஃது உடலை மட்டும் தாக்கும் குறையன்று, சிந்தனையையும் தாக்குவது.

ஆயினும் இதற்கும் மருந்துண்டு. ஜமெய்க்காவின் கிங்ஸ்ரன் நகரில் 1986 இல், வளர்ச்சி குன்றிய 129 குழந்தைகளை ஓர் ஆய்வுக்கு எடுத்துக்கொண்டனர். ஒரு பகுதியினரின் வீடுகளுக்குச் சுகாதாரப் பணியாளர் இரண்டாண்டு காலம் வாரந்தோறும் சென்று, எளிய விளையாட்டுப் பொருள்களைக் கொண்டு குழந்தையுடன் பேசவும் விளையாடவும் தாய்க்குக் கற்பித்தனர். இருபது ஆண்டுகளின் பின், அக்குழந்தைகள் அவ்வுதவி பெறாத ஏனையோரை விட நூற்றுக்கு இருபத்தைந்து மிகுதியாக ஊதியம் ஈட்டியதை ஆய்வாளர் கண்டனர். நம் பிள்ளைக் காம்பராக்கள் இன்று சிறுவர் அபிவிருத்தி நிலையங்களென வழங்குகின்றன. பெயர் மாறியது போதாது. பால்மாவோடு பேச்சும், பாயோடு விளையாட்டும் அங்கே நிறைய வேண்டும்.

வளர்ச்சி இளமையோடு முடிவதுமன்று. புதிய சிக்கலை விரைந்து அவிழ்க்கும் ஆற்றல் நடுவயதிற் சற்றுத் தளரலாம். ஆனால் சொல்வளமும் பட்டறிவும் அறுபதை அணுகியும் தேயாமல் நிற்கக் காண்கிறோம். மலைமுகட்டு மூடுபனியைப் பார்த்து மழையைக் கணிக்கும் பாட்டியின் அறிவு, ஆண்டுகள் சேர்த்த செல்வமன்றோ?

பெற்றோர்க்கு நாம் கூறுவது இதுவே: பிள்ளை பிழையாக விடை சொன்னால், “ஏன் அப்படி நினைத்தாய்?” என்று கேளுங்கள். அவ்வினாவிற் செலவேதுமில்லை. மந்தம் என்ற சொல்லை மட்டும் வீட்டிற்குள் அனுமதியாதீர்கள். பிள்ளை அதனை நம்பிவிடும்.

விடைபெறும்போது நண்பரிடம் கேட்டோம்: “நட்ட ஒரு மாதத்திலே கிழங்கைத் தோண்டிப் பார்த்து, விளைச்சல் இவ்வளவுதான் என்று சொல்வீர்களா?” அவர் சற்று நேரம் பேசவில்லை. பின்னர் மகனை அருகழைத்து, “நாளைக்குச் சந்தைக் கணக்கை நீயே எழுது” என்றார். சிறுவன் கொப்பியை எடுத்துவர உள்ளே ஓடினான்.