கிறீஸ் பூதம்

உடலெங்கும் கிறீஸ் பூசிய மர்ம மனிதன் இரவிலே பெண்களைத் தாக்குகிறான் என்ற பீதி 2011 ஆகஸ்ட் மாதத்தில் இலங்கைக் கிராமங்களைப் பிடித்தாட்டியது. திருகோணமலை மாவட்டத்துக் கிண்ணியாவில், துரத்தப்பட்டவன் கடற்படை முகாமுக்குள் ஓடி மறைந்தான் என்று மக்கள் முகாமையே சூழ்ந்தனர். மோதலும் கைதுகளும் தொடர்ந்தன. அதே மாதம் ஊவா மலைநாட்டிலே இருவரும், புத்தளத்திலே பொலிஸ்காரர் ஒருவரும் கும்பலின் கையால் மாண்டனர்.

ஊருக்குப் புதியவனைப் பூதமெனக் கருதி அடித்துக் கொல்வது கொலையே; அதிலே இரு கருத்துக்கு இடமில்லை. ஆனால் இதனை வெறும் மூடநம்பிக்கை என்று ஒதுக்கும் படித்தவர்கள் ஒன்றை மறந்துவிடுகின்றனர். போர்க்காலத்தில் எத்தனையோ பேர் காணாமற்போன மாவட்டம் இது. முறையிட்டால் நீதி கிடைக்கும் என்று நம்பாதவன் வேலிக்கப்பால் அசையும் நிழலை எவ்வாறு நம்புவான்? கிராமத்தான் தன் மொழியிலே சொல்லும் முறைப்பாட்டைப் பொலிசார் பதிந்து, தமிழிலேயே பதிலும் தரட்டும்.