முட்டைக்குள்ளே பிளாஸ்டிக் பேப்பரா பாஸ்?

உங்க மொபைலுக்கும் கண்டிப்பா வந்திருக்கும் பாஸ் அந்த வீடியோ. ஒருத்தர் முட்டையை உடைப்பார். ஓட்டோட உள்பக்கத்துல இருந்து வெள்ளையா, மெல்லிசா ஒரு தாளை உரிப்பார். 'ஐயோ, பிளாஸ்டிக்!'னு அலறுவார். தீக்குச்சியைக் காட்டுவார். பத்திக்கும். கடைசியில வழக்கமான பஞ்ச்: 'பத்து பேருக்கு அனுப்புங்க!'

2017-ல நாடு முழுக்க ஒரு ரவுண்டு வந்த வதந்தி இது. நிஜ முட்டையை அச்சு அசலா காப்பியடிக்கிற டெக்னாலஜியே கிடையாதுன்னு மத்திய அரசோட உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. விளக்கம் கொடுத்தாச்சு. ஆனா, அந்த வீடியோவுக்கு மட்டும் ரிடையர்மென்ட்டே இல்லை!

'சரியான காமெடி'ன்னு சிரிச்சுட்டுப் போக முடியலை. எங்க தெருவுல ஒரு அக்கா இருக்காங்க. ஆம்பூர்ல ஷூ கம்பெனியில தையல் மெஷின் வேலை. பையன் கவர்மென்ட் ஸ்கூல்ல மூணாவது. 'சத்துணவுல முட்டை போட்டா தொடாதே'ன்னு பையனுக்கு ஸ்ட்ரிக்ட் ஆர்டர். அவனும் சமர்த்தா பக்கத்துத் தட்டுக்குத் தள்ளி விட்டுடுறான். ஒரு முட்டையில கிட்டத்தட்ட 6 கிராம் புரதம் இருக்கு. ஞாயித்துக்கிழமை மட்டும் கறி எடுக்கிற வீட்டுக்கு அது சின்ன விஷயம் இல்லையே!

'நீ காலேஜ் படிக்கிற புள்ள, நீயே சொல்லு தம்பி. அது பேப்பர் மாதிரிதானே இருக்கு?'ன்னு கேட்டாங்க. நியாயமான கேள்வி. பதில் முட்டைக்குள்ளேயே இருக்கு. வாங்க, வெளியில இருந்து உள்ளே ஒரு ட்ரிப் அடிப்போம்.

முதல்ல ஓடு. கனம் வெறும் 0.3-லிருந்து 0.4 மில்லிமீட்டர். இதுல நூத்துக்கு 94, 95 பங்கு கால்சியம் கார்பனேட். அதாவது சுண்ணாம்புக்கல், கிளிஞ்சல், சாக்பீஸ் குடும்பம்! வாணியம்பாடி, ஆம்பூர், ராணிப்பேட்டைப் பசங்களுக்குச் சுண்ணாம்பை அறிமுகப்படுத்தணுமா என்ன? டேனரியில தோல்ல இருக்கிற முடியைக் கழட்ட ஊறப் போடுவாங்களே, அதே சுண்ணாம்புதான். கால்சியம் கார்பனேட்டைக் காளவாயில சுட்டா சுட்ட சுண்ணாம்பு. அதுல தண்ணி ஊத்தினா நீர்த்த சுண்ணாம்பு. சுடாம விட்டா முட்டை ஓடு. மேட்டர் ஓவர்!

டெஸ்ட் பண்ணணுமா? ஒரு டம்ளர் வினிகர்ல முழு முட்டையைப் போடுங்க. பொசுபொசுன்னு குமிழி வரும். அது கார்பன் டை ஆக்ஸைடு. வினிகரை மாத்தி மாத்தி ரெண்டு நாள் விட்டா ஓடு மொத்தமும் கரைஞ்சு, மெத்துனு ஒரு பந்து கையில நிக்கும். பிளாஸ்டிக் ஓடா இருந்தா வினிகர்ல இப்படிக் கரையாது.

இந்த ஓட்டுல கண்ணுக்குத் தெரியாத துளைகள் ஆயிரக்கணக்குல இருக்கு. குஞ்சு மூச்சு விடுறதுக்கான ஜன்னல்கள் அவை. கிருமி நுழையாம இருக்க, வெளியே மெல்லிசா ஒரு கோட்டிங்கும் உண்டு. அதனால, வாங்கினதும் முட்டையைக் கழுவி அடுக்கி வெக்காதீங்க. கோட்டிங் போயிடும்.

ஒரு முட்டை உருவாக ஏறக்குறைய ஒரு நாள் ஆகுது. அதுல 20 மணி நேரம் ஓடு போடுறதுக்கே போயிடும். ராத்திரி தீனி இல்லாத நேரத்துல கோழி தன் எலும்புல சேர்த்து வெச்ச கால்சியத்தையே எடுத்து ஓட்டுக்குக் கொடுக்குது. கோடைல இன்னொரு சிக்கல். நம்ம ஊரு வெயில் தெரியும்ல? கோழிக்கு வேர்க்காது. வாயைத் திறந்து இரைக்கும். இரைக்க இரைக்க ரத்தத்துல கார்பன் டை ஆக்ஸைடு குறையும். ஓட்டுக்கு வேண்டிய கார்பனேட்டுக்குத் தட்டுப்பாடு. விளைவு, ஓடு மெலிசாகும். மே மாசம் முட்டை சட்டுனு விரிசல் விடுதுன்னா கடைக்காரரை மட்டும் முறைக்காதீங்க பாஸ்!

அடுத்துதான் நம்ம ஹீரோ... அந்த 'பேப்பர்'. அது ஓட்டுக்கு உள்ளே இருக்கிற சவ்வு. ஒண்ணு இல்லை, ரெண்டு சவ்வு ஒட்டிக்கிட்டு இருக்கும். அகலமான முனையில மட்டும் பிரிஞ்சு நடுவுல காத்து நிக்கும். அவிச்ச முட்டையோட அடிப்பக்கம் தட்டையா இருக்கே, அது அந்தக் காத்தறையோட கைவண்ணம். முட்டை பழசாக ஆக, ஈரம் துளை வழியா வெளியேறி காத்தறை பெருசாகும். அதான் பழைய முட்டை தண்ணியில மிதக்குது.

இந்தச் சவ்வு முழுக்கப் புரத இழைகள். தோலுக்கு உறுதி கொடுக்கிற கொலாஜனும் இதுல உண்டு. இங்கேதான் நம்ம ஊர் வித்தை கைகொடுக்குது. பெல்ட் நிஜத் தோலா, ரெக்ஸினான்னு எப்படிக் கண்டுபிடிப்பாங்க? ஓரத்துல ஒரு துளி எரிச்சு மோந்து பார்ப்பாங்க. முடி கருகுற வாடை வந்தா தோல். உருகிச் சொட்டி, பிளாஸ்டிக் நாத்தம் அடிச்சா ரெக்ஸின். அக்காவுக்கு இது தலைகீழ்ப் பாடம்.

ஒரு முட்டையை உடைச்சு, சவ்வை உரிச்சுக் காய வெச்சோம். இடுக்கியில பிடிச்சு மெழுகுவத்தியில காட்டினேன். சுருண்டுச்சு, கருகுச்சு, உருகவே இல்லை. அக்கா மோந்து பார்த்துட்டு, 'அட, முடி வாடை!'ன்னாங்க. எரியுறதெல்லாம் பிளாஸ்டிக்னா, உங்க தலைமுடியும் பிளாஸ்டிக்தான் மக்களே!

இன்னும் உள்ளே போவோம். வெள்ளைக் கருவுல பத்துல ஒன்பது பங்கு தண்ணி, மீதி பெரும்பாலும் புரதம். அதுல மஞ்சள் கருவை ஒட்டி வெள்ளையா முறுக்கின நூல் தெரியும். வீடியோக்காரர் அதையும் 'பிளாஸ்டிக் நூல்'னுவார். அதுக்குப் பேரு சலாசா. மஞ்சள் கரு நடுவுல நிக்கிறதுக்கான கயிறு. நூல் பளிச்சுனு தெரிஞ்சா முட்டை புதுசுன்னு அர்த்தம்.

'மஞ்சள் கரு பந்து மாதிரி துள்ளுது'ன்னும் ஒரு வீடியோ சுத்துது. ஃப்ரீசர்ல உறைஞ்சு போன முட்டையோட மஞ்சள் கரு, வெளியே எடுத்த பிறகும் ரப்பர் மாதிரி இறுகிக் கிடக்கும். இதுக்குச் சைனா ஃபேக்டரி எல்லாம் தேவையில்லை, உங்க வீட்டு ஃப்ரிட்ஜே போதும்.

மஞ்சள் கருவுக்கும் தோலுக்கும் பழைய சொந்தம்கூட உண்டு. படிகாரம், உப்பு, மாவோட மஞ்சள் கருவையும் சேர்த்து, கையுறைக்கான மெத்துனு வெள்ளைத் தோல் பதனிடுற முறை ஐரோப்பாவுல இருந்துச்சு. மஞ்சள் கருவுல இருக்கிற லெசித்தின், கொழுப்பைத் தண்ணியில கலக்க வைக்கும். மயோனைஸ்ல நடக்கிற அதே வேலை!

கடைசியா ஒரு கணக்கு. நம்ம மதிய உணவுத் திட்டத்துல 1989-ல ரெண்டு வாரத்துக்கு ஒரு முட்டைன்னு ஆரம்பிச்சு, 2010-லதான் பள்ளி நடக்கிற ஒவ்வொரு நாளுக்கும் ஒண்ணுன்னு ஆச்சு. வாரத்துக்கு அஞ்சு முட்டை வர 21 வருஷம் ஆகியிருக்கு. ஒரு ஃபார்வர்டு அதைத் தட்டுல இருந்து தள்ளி விட ரெண்டு செகண்ட் போதும்.

அதனால, அடுத்த தடவை ஃபேமிலி குரூப்ல அந்த வீடியோ வந்தா சண்டை போடாதீங்க. ஒரு முட்டை, கொஞ்சம் வினிகர், ஒரு மெழுகுவத்தி, கூட ஒரு பெரியவங்க. அஞ்சு நிமிஷம் செஞ்சு காட்டுங்க. தோலை மோந்தே தரம் சொல்ற ஊரு இது. முட்டைகிட்ட ஏமாறலாமா?

அடுத்த வாரம் பார்ப்போம் மக்களே!