எதிரி எந்த பெஞ்ச்ல இருக்கான்?

புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில ஒரு காலேஜ் தம்பி கேட்டார்... “அண்ணே, போராட்டத்தை பாட்டு, டான்ஸ்னு படமா எடுத்தா எடுபடுமா?”

எடுத்திருக்காங்களே பாஸ்! 1992-ல வந்த ‘சரஃபினா!’. தென்னாப்பிரிக்க வெள்ளை அரசு ஆஃப்ரிகான்ஸ் மொழியைப் பள்ளிகள்ல திணிச்சப்போ, 1976 ஜூன் 16-ல சொவெட்டோ மாணவர்கள் தெருவுல இறங்கினாங்க. போலீஸ் சுட்டது. அந்தக் கதையைத்தான் பாட்டும் ஆட்டமுமா சொன்னாங்க. (நம்ம 1965 மொழிப்போர் ஞாபகம் வருதா?) அங்கே எதிரி யூனிஃபார்ம் போட்டு துப்பாக்கியோட நிக்கிறான். கண்டுபிடிக்கிறது ஈஸி.

நம்ம கதை வேற. பா.இரஞ்சித்தோட ‘நட்சத்திரம் நகர்கிறது’ 2022 ஆகஸ்ட் 31-ல ரிலீஸ். தென்மா இசை. புதுச்சேரியில ஒரு நாடகக் குழு, காதலையும் ஆணவக்கொலையையும் பத்தி நாடகம் போடத் தயாராகுது. துஷாரா விஜயன்தான் ரெனே. அவ ஒரு இளையராஜா பாட்டைப் பாட, அதுல கிளம்புற சண்டை சாதி வரைக்கும் போய் காதலையே உடைச்சிடுது. ஆனா, என்னை உலுக்கினது கலையரசன் நடிச்ச அர்ஜுன். சினிமா ஆசையில குழுவுக்கு வர்றவன். வில்லன் மாதிரியே தெரிய மாட்டான். வீட்ல, ஊர்ல சொல்லிக்கொடுத்ததை அப்படியே நம்புறவன், அவ்வளவுதான். போதையில ரெனேகிட்ட அத்துமீறுறான். அப்பவும் குழு அவனைத் துரத்தலை. பேசுது, விவாதிக்குது, கூடவே வெச்சுக்குது. கொஞ்சம் கொஞ்சமா மாறுறான். (அவ்வளவு சீக்கிரம் மன்னிக்கலாமான்னு எனக்கு இன்னும் சண்டை இருக்கு. அது தனிக் கச்சேரி!)

படம் வந்து நாலே மாசம். 2022 டிசம்பர்ல நம்ம மாவட்டத்து வேங்கைவயல்ல, தலித் மக்கள் குடிக்கிற தண்ணித் தொட்டியில மலம். நேர்ல போன அப்போதைய கலெக்டர் கவிதா ராமுகிட்ட மக்கள் இன்னும் ரெண்டு விஷயம் சொன்னாங்க. டீக்கடையில இரட்டை டம்ளர். இறையூர் அய்யனார் கோயில்ல அவங்களுக்கு இடமில்லை. கலெக்டரே கோயிலுக்குள்ள கூட்டிட்டுப் போனார். தொட்டி வழக்குல 2025 ஜனவரியில சி.பி.சி.ஐ.டி. அதே தலித் பகுதியைச் சேர்ந்த மூணு பேர் மேல குற்றப்பத்திரிகை போட்டது. ஊர் மக்கள் அதை ஏத்துக்கலை.

இதையெல்லாம் கேட்ட தம்பி, டீ டம்ளரையே பார்த்துட்டு இருந்தார். அப்புறம் மெதுவா, “ஹாஸ்டல்ல நானும் என் ஃப்ரெண்டும் ஒரே தட்டுலதான் சாப்பிடுவோம்ணே. ஆனா, மூணு வருஷத்துல ஒருதடவைகூட அவனை எங்க ஊருக்குக் கூப்பிட்டதில்லை” என்றார்.

எந்த ஊர்னு நான் கேட்கலை.