பச்சை அட்டைக்கு ஒரு கேள்வி

1920-ஆம் ஆண்டில் பிட்னி, போஸ் என்னும் இருவரின் இயந்திரத்துக்கு அமெரிக்கத் தபால் இலாகா அங்கீகாரம் அளித்த காலந்தொட்டு, தபால்தலை ஒட்டும் சிரமத்தைப் போக்கிவரும் முத்திரை இயந்திரம், இன்று தராசும் கணக்கப்பிள்ளையும் தானேயாகி அந்நாட்டு அலுவலக மேஜைகளில் வீற்றிருக்கிறது. உறையை வைத்து, சர்டிஃபைட் தபால் என்ற பொத்தானை அழுத்தினால், 2025 ஜூலை விகிதப்படி, ஓர் அவுன்ஸுக்கு மேற்படாத கடிதத்தின் 74 சென்டோடு 5.30 டாலரைக் கூட்டிக் காட்டும். பெறுநர் கையொப்பமிட்டுத் திரும்பும் பச்சை அட்டையையும் கேட்டால் மேலும் 4.40 ஏறி, மொத்தம் 10.44 ஆகிவிடும். கூட்டலில் பிழையில்லை, விகிதங்களை அவ்வப்போது புதுப்பிக்க மறவாதவரை.

ஆனால் அட்டை அவசியந்தானா என்று இயந்திரம் கேட்பதில்லை. குமாஸ்தாவும், பழக்கத்தின் வசப்பட்டவராக, கேட்பதில்லை. அதே கையொப்பத்தை மின்னஞ்சல்வழி பெற 2.82 போதும், ஆக 8.86-இல் காரியம் முடிகிறது. கடிதம் ஒன்றுக்கு 1.58 டாலர் மிச்சம் என்பது, நாள்தோறும் கட்டுக்கட்டாக நோட்டீஸ் அனுப்பும் வக்கீல் அலுவலகங்களுக்கு அற்பமன்று. நீதிமன்றமோ ஒப்பந்தமோ அட்டையையே வேண்டினாலன்றி, மின்ரசீதையே வழக்கமாக்கி, அட்டைக்கு மேலதிகாரியின் சம்மதத்தை நிபந்தனையாக்குவதே உசிதம் என்பது என் அபிப்பிராயம்.