காமிரா நின்ற புள்ளி

"குமாஸ்தா வேலை" என்கிறார்கள். மார்க் க்ளெட்டையும் அவர் சகாக்களையும் பற்றித்தான். எவனோ நூறு வருஷத்துக்கு முன்னால் எடுத்த நிலக்காட்சியை, அதே இடத்தில் நின்று இன்னொருவன் திரும்ப எடுப்பதில் சிருஷ்டி எங்கே, தரிசனம் எங்கே? நம்மவர்களுக்குத் தரிசனம் இல்லாமல் காப்பிகூடத் தொண்டையில் இறங்காது.

நடந்தது இது. 1867 முதல் அமெரிக்க மேற்குப் பிரதேசத்தை அளக்கப் போன சர்க்கார் குழுக்களோடு புகைப்படக்காரர்களும் போனார்கள். டிமதி ஓ'ஸல்லிவன் அவர்களில் ஒருவர். 1977க்கும் 1979க்கும் இடையில் க்ளெட், எல்லன் மான்செஸ்டர், ஜோஆன் வெர்பர்க் முதலியோர் அந்தப் பழைய இடங்களில் 120க்கும் மேற்பட்டவற்றைத் தேடிப் பிடித்து மறுபடி படமெடுத்தார்கள். இடமென்றால் ஊர், மலை அல்ல. காமிரா நின்ற புள்ளி. பழைய பிரதியையும் அங்கேயே எடுத்த போலராய்டையும் பக்கத்தில் வைத்து, பாறைக்கும் பாறைக்கும் உள்ள இடைவெளியை அளந்து, முன்னே பின்னே நகர்ந்து, நிழல் அதே மாதிரி விழும் மாதத்துக்கும் மணிக்கும் காத்திருந்தார்கள். க்ளெட் ஜியாலஜி படித்தவர். தெரிகிறது.

சரி, குமாஸ்தா வேலைதான். வங்கியில் நான் செய்வதும் அதுவே. செக்கிலுள்ள கையெழுத்தை மாதிரிக் கையெழுத்தோடு வைத்துப் பார்க்கிறேன். ஒத்துப்போகாதபோதுதான் இந்த வேலைக்கு அர்த்தம் வருகிறது.

யூட்டாவின் வெபர் பள்ளத்தாக்கில் ஓ'ஸல்லிவன் 1869இல் எடுத்த பாறைகள் படம் ஒன்று உண்டு. குழுவைச் சேர்ந்த ரிக் டிங்கஸ் 1978இல் அங்கே போய் நின்றார். படம் ஒத்துப்போகவில்லை. காமிராவைச் சாய்த்த பிறகே ஒத்துப்போயிற்று. சர்க்காருக்காக உள்ளதை உள்ளபடி பதிவுசெய்யப் போன மனிதர், காமிராவைச் சரித்து வைத்திருக்கிறார்! தொழில் தெரிந்தவர், கை தவறியிருக்காது. நாற்காலியில் உட்கார்ந்து ரசிக்கிறவனுக்கு இது அகப்பட்டிருக்காது. விமர்சனம் என்று நாம் அச்சேற்றுவதில் எவ்வளவு இப்படி இடத்துக்குப் போய்ச் சரிபார்த்தது?

இந்தப் படங்களைப் புகழ்கிறவர்கள் இன்னும் மோசம். அவர்களுக்கு இது இயற்கையின் ஒப்பாரி. சில இடங்களில் முன்னால் கிடந்த கல்கூட நூறு வருஷத்தில் நகரவில்லை என்பது அவர்கள் கண்ணில் படாது. நெவாடாவின் பிரமிட் ஏரியை மட்டும் காட்டுவார்கள். 1867இல் இருந்த தண்ணீர் 1979 படத்தில் வெகுவாக இறங்கிக் கிடக்கிறது. 'காலத்தின் கோலம்' என்று பெருமூச்சு. காலமாவது, கோலமாவது! 1905இல் டெர்பி அணையைக் கட்டி, ட்ரக்கி ஆற்றைப் பாசனத்துக்குத் திருப்பினார்கள். ஏரி, அதில் மீன் பிடித்து வாழ்ந்த பையூட் மக்களுடையது.

2000இல் க்ளெட் அங்கே மூன்றாம் படத்துக்குப் போனார். தண்ணீர் ஏறியிருந்தது. பனி அதிகம் பெய்த வருஷங்களோடு பையூட் மக்கள் கோர்ட்டுக்குப் போனதும் அதற்குக் காரணம். ஒப்பாரிக்காரர்கள் இன்னும் 1979 படத்துக்கு முன்னாலேயே உட்கார்ந்து அழுதுகொண்டிருக்கிறார்கள்.